பதினொரு மணிக்கு மேல் ஒரு டீ

பட்டணத்து இரவு மனிதனைத் தனியனாக்கிவிடுகிறது என்று எழுதாத கதாசிரியன் இல்லை. தனிமை ஏதோ பட்டணத்துக் காற்றிலேயே கலந்திருக்கிற தத்துவச் சமாசாரம் போலப் பேசிக்கொள்கிறோம். தத்துவமாவது! இது நிர்வாகம் செய்கிற காரியம், ஐயா.

அம்பத்தூருக்கு வந்து பாருங்கள். 1964-ல் சர்க்கார் தொடங்கிய தொழிற்பேட்டை. ஆயிரம் ஏக்கருக்கு மேல். இரவு ஷிப்டு முடிந்தவன் பட்டரவாக்கம் ஸ்டேஷன் பக்கம் நடக்கிறான். ஊர் ஒடிசாவிலோ உசிலம்பட்டியிலோ இருக்கிறது. அறையில் ஐந்து பேர் தூங்குகிறார்கள். விளக்கைப் போட்டால் வசவு. எட்டு மணி நேரம் மெஷினோடு மாரடித்தவனுக்கு மனிதக் குரல் கேட்க மிச்சமிருப்பது, சைக்கிளில் கேன் கட்டி டீ விற்கிறவனின் பக்கம்தான். சில்லறை பாக்கி, மழை வருமா, "பொங்கலுக்கு ஊருக்குப் போகலையா அண்ணே?" - இவ்வளவுதான் பேச்சு. பெயர்கூடக் கேட்டுக்கொள்வதில்லை. நாளைக்கு அந்த இடத்தில் வேறொருவன் நின்று நெருப்புப் பெட்டி கேட்பான். இதெல்லாம் ஓர் உறவா என்று சிரிக்கிறவர்கள், வீட்டில் தமக்காக விழித்திருக்க ஒரு ஜீவன் உள்ளவர்கள்.

அந்த ஐந்து நிமிஷத்தைத்தான் ரோந்து ஜீப் வந்து கலைக்கிறது. "கடையை எடு!" திறந்திருந்தால் திருடனும் குடிகாரனும் கூடுவார்களாம். விளக்கணைந்த தெருதானே திருடனுக்குச் சௌகரியம்? வேலை முடிந்து தனியே வருகிற பெண்ணைக் கேளுங்கள், டீக்கடை உள்ள தெருவில் நடப்பாளா, இல்லாத தெருவிலா என்று.

கடைகள் 24 மணி நேரமும் திறந்திருக்கலாம் என்று தமிழ்நாடு அரசு 2019-ல் ஆணை போட்டது. 2022-ல் நீட்டித்தும் ஆயிற்று. பேஷ்! ஆனால் யாருக்கு? பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்கிற கடைகளுக்கு. கண்ணாடிக் கதவு போட்ட காப்பிக் கடை விடிய விடியத் திறந்திருக்கலாம். அங்கே ஒரு கோப்பையின் விலைக்கு நம் ஆள் இரண்டு வேளை சாப்பிடுவான். புருஷனும் பெண்டாட்டியுமாக நடத்தும் டீக்கடை மீதி எட்டுப் பேருக்கு எங்கே போகும்?

பக்கத்து ஆவடியில்தான் 1955-ல் காங்கிரஸ் கூடி, சோஷலிச பாணிச் சமுதாயம் என்று தீர்மானம் போட்டது. நான் கேட்பது அவ்வளவு பெரிதில்லை. ஸ்டேஷன் வாசலில் கடைசி ரயில் போன பிறகும் ஒரு பாய்லர் கொதிக்கட்டும். அதை அணைக்கச் சொல்லி ஜீப் வரவேண்டாம்.