ஏணி இல்லாத மாடி

"இந்தியக் கூடைப்பந்துக்கு இப்போதைக்குப் பெருநகர அணிகளின், ஏற்றமும் இறக்கமும் இல்லாத மூடிய லீக் ஒன்று போதும், அடுக்குகளும் கோப்பைகளும் பிறகு வரட்டும்" என்ற வாதத்தை ஏற்க முடியாது. அந்த வழியில் ஏற்கெனவே நடந்து பார்த்துவிட்டோம். 2015இல் தொடங்கிய யூபிஏ லீக் 2017க்குப் பின் நடக்கவில்லை. 2022இல் வந்த ஐஎன்பிஎல் லீக்கின் முதல் பட்டத்தைச் சென்னை ஹீட் வென்றது. மகிழ்ச்சிதான், ஆனால் சிற்பிகளின் ஊரான மயிலாடியில் ஓர் அணி உருவானால், வென்று வென்று அந்த லீக்குக்கு ஏறிச்செல்லப் படி ஏது?

"கீழிறங்கும் அச்சமிருந்தால் யார் முதலீடு செய்வார்கள்?" என்பார்கள். ஸ்பெயினின் ஏசிபி லீக்கில் 18 அணிகள். கடைசி இரண்டு இறங்கும், கீழடுக்கிலிருந்து இரண்டு ஏறும். அதனால் அங்கே ஆட்டத்தின் தரம் தாழவில்லை. பாதிப் பருவத்தில் முன்னணியில் நிற்கும் அணிகள் மன்னர் கோப்பைப் போட்டியில் மோதுகின்றன. லீக் பட்டம் எட்டாத அணிக்கும் அது ஓர் இலக்கு. அங்கே ஏறத் தகுதிபெற்ற சில அணிகள் நுழைவுக் கட்டணம் கட்ட முடியாமல் நின்றதும் உண்மையே. அது கட்டணத்தைக் குறைக்கச் சொல்லும் பாடம், ஏணியை எடுக்கச் சொல்வதல்ல. சிலைக்குக் கண் திறப்பது கடைசி வேலை என்பதை மயிலாடிச் சிற்பிகள் அறிவார்கள். பெருநகர லீக் அந்தக் கண்; நாம் மாவட்ட லீக்கிலிருந்து செதுக்கத் தொடங்குவோம்.