தவணை யாருக்கு இலாபம்?

கொட்டாஞ்சேனையிலிருந்து புதுக்கடை நீதிமன்றங்களுக்கு நடந்தே போய்விடலாம். ஆனால், வீட்டு வழக்குடன் அங்கு சென்றவர் தீர்ப்புடன் திரும்புவதற்குள் அவருடைய பிள்ளைகள் வளர்ந்து ஆளாகிவிடுகின்றனர். இதனை நீதித்துறையின் குறைபாடு என்று கூறிவிட்டு அமைதியடைவது நமது வழக்கம். வெறும் குறைபாடாயின் எல்லோரும் சமமாக நட்டமடைய வேண்டுமல்லவா? அவ்வாறு நிகழவில்லை. காத்திருக்க வசதி படைத்தவனுக்குத் தாமதம் ஆயுதம். வசதியற்றவனுக்கு அதுவே தண்டனை.

கொழும்பில் ஒரு சாதாரண ஒப்பந்த வழக்கு முடிவதற்கு 1,318 நாட்கள் செல்லும் என உலக வங்கியின் 2020ஆம் ஆண்டு அறிக்கை கணக்கிட்டது. மேன்முறையீடு அக்கணக்கில் சேரவில்லை. இன்று அழைப்பாணை சேரவில்லை. அடுத்த தவணையில் சட்டத்தரணி வேறொரு மன்றில். அதற்கடுத்த தவணையில் நீதிபதிக்கு இடமாற்றம். தமிழ் பேசும் வழக்காளிக்கு மொழிபெயர்ப்பாளர் கிடைக்காத நாட்கள் வேறு. ஒவ்வொரு தவணையும் கூலித் தொழிலாளிக்கு ஒரு நாட் சம்பளம்.

வாடகைக் கட்டுப்பாடு இந்நாட்டில் 1942இல், யுத்த நெருக்கடியில் பிறந்தது. 1972இல் இடதுசாரி அமைச்சர் பீட்டர் கெனமன் வீடமைப்புக்குப் பொறுப்பாயிருந்த காலத்தில் வந்த வாடகைச் சட்டம் குடியிருப்பாளருக்குப் பெருங் காப்பளித்தது. வீட்டுக்காரர் வாடகையை வாங்க மறுத்தால் மாநகர சபையிற் செலுத்தலாம் என்ற ஏற்பாடு எத்தனையோ குடும்பங்களைத் தெருவுக்கு வராமற் காத்தது. அதே சட்டத்திற் பின்னர் சேர்ந்த ஏற்பாடொன்றையும் நாம் நினைவிற் கொள்ள வேண்டும். ஒரேயொரு வீட்டை மட்டும் உடைய உரிமையாளர் வழக்கில் வென்றாலும், குடியிருப்பாளருக்கு மாற்று வீடு தர முடியுமென வீடமைப்பு ஆணையாளர் அறிவிக்கும்வரை வெளியேற்றும் ஆணை பிறக்க முடியாதிருந்தது. நோக்கம் உயர்ந்தது. ஆனால், தேவைக்கேற்ற வீடுகளை அரசு கட்டவில்லை. சொந்த வீட்டுக்குத் திரும்பக் காத்திருந்த விதவையும், போக்கிடமற்ற குடியிருப்பாளரும் ஒருவரையொருவர் எதிரிகளாகக் கண்டனர். உண்மைக் கடனாளியான அரசு வழக்கில் கட்சிக்காரராகக்கூட நிற்கவில்லை!

பின்பு நிலைமை மாறியது. 1980ஆம் ஆண்டுத் திருத்தம் புதிய வாடகைக் குடியிருப்புகள் பலவற்றைக் காப்புக்கு வெளியே நிறுத்தியது. 2023இன் முதலாம் இலக்கச் சட்டமோ, குத்தகைக் காலம் முடிந்த வளவை உரிமையாளர் விரைந்து மீளப்பெற வழி வகுத்தது. அப்படியானால் விரைவு சாத்தியமே! சட்டம் விரும்பினால் ஓட முடியும் என்பது நிரூபணமாகிவிட்டது. அது யாருக்காக ஓடுகிறது என்பதே நமது கேள்வி.

பலாத்காரமாக வெளியேற்றப்பட்டவர் இரண்டு மாதங்களுக்குள் வழக்கு வந்தால் உடைமையை மீளப்பெற 1979ஆம் ஆண்டின் ஆரம்ப நீதிமன்றச் சட்டம் இடமளிக்கிறது என்பர். உண்மையே. ஆனால், முற்பணத்தைத் திருப்பித் தராத வீட்டுக்காரர்மீது குடியிருப்பாளர் தொடுக்கும் வழக்கு எந்த வேகத்திற் செல்கிறது? ஜம்பட்டா வீதியை அண்டிய ஒடுங்கிய ஒழுங்கைகளில், அந்த முற்பணம் ஒரு குடும்பத்தின் முழுச் சேமிப்பு. அது கைக்கு வராமல் அடுத்த வீடு இல்லை. பாடசாலைத் தவணையின் நடுவே விலகற் பத்திரம் கேட்டு வரும் பெற்றாரை ஆசிரியராகிய நாம் அறிவோம். நீதிமன்றத் தவணை நீள, பிள்ளையின் தவணை முறிகிறது.

ஆகவே நாம் கோருவது சலுகையன்று. உரிமையாளருக்கு வழங்கிய அதே விரைவு நடைமுறை குடியிருப்பாளரின் முற்பணத்துக்கும் வேண்டும். தக்க காரணமின்றித் தவணை கேட்பவர் மறுதரப்பின் அன்றைய செலவைச் செலுத்த வேண்டும். தமிழில் வழக்காடப் போதிய மொழிபெயர்ப்பாளர் வேண்டும். அனைத்துக்கும் மேலாக, ஏழைகள் குடியிருக்கக்கூடிய வாடகை வீடுகளை அரசு கட்ட வேண்டும். வீடுகள் பெருகாமல் வழக்குகள் குறையா.

காத்திருப்பது ஏழையின் கடமையென எச்சட்டத்தில் எழுதியிருக்கிறது?