டலூலா பள்ளத்தாக்கில் 100 பேருக்கு மட்டும் அனுமதி: சரியா?

1) அட்லாண்டாவில் வேலை பார்க்கும் பிள்ளைகளைப் பார்க்கப் போகும் அப்பா அம்மாக்களுக்கும், அவங்களை ஊர் சுத்திக் காட்டப்போகும் பிள்ளைகளுக்கும் இந்தத் திரெட்.

2) ஜார்ஜியா மாநிலத்தில் டலூலா கார்ஜ் ஸ்டேட் பார்க் இருக்கு. ஆறு அறுத்து உருவாக்கிய பள்ளத்தாக்கு. சுமார் 2 மைல் நீளம், கிட்டத்தட்ட 1000 அடி ஆழம். மேலே டென்ட் போட்டுத் தங்கலாம், விளிம்பு ஓரமா நடக்கலாம். ஆனா அடித்தளத்துக்கு இறங்க ஒரு நாளைக்கு 100 பேருக்குத்தான் பெர்மிட். ஹவாய் செருப்பு, கிராக்ஸ் போட்டு வந்தா கிடையாது. பாறை ஈரமா இருந்தாலும், அணையிலிருந்து தண்ணீர் திறந்துவிடும் நாட்களிலும் கிடையாது.

3) "இவ்ளோ தூரம் வந்தும் விட மாட்டேங்கிறாங்களே"ன்னு கோபம் வரும். ஒரு மருத்துவரா என் கருத்து: விடாததுதான் சரி. பாறை தாண்டும்போது ஒருத்தர் கால் உடைஞ்சா அங்கே ஆம்புலன்ஸ் இறங்காது. ஸ்ட்ரெச்சரில் வெச்சு மனுஷங்கதான் மேலே தூக்கிட்டு வரணும். ரத்தம் போயிட்டிருக்கிறவருக்கு அந்த நேரம்தான் உயிர்.

4) ஆனா அந்தப் பெர்மிட் உங்க ஷூவைத்தான் பார்க்கும். இதயத்தைப் பார்க்காது. அதை நீங்கதான் பார்க்கணும்.

5) மலைக்கோயிலில் முதல்ல ஏறுறோம். மூச்சு வாங்கினா பாதியிலேயே இறங்கிடலாம். பள்ளத்தாக்கு இதுக்கு நேர் எதிர். முதல்ல சுலபமா இறங்கிடுவீங்க. களைச்ச பிறகுதான் ஏற்றமே ஆரம்பிக்கும். பெர்மிட் தேவைப்படாத தொங்குபாலத்துக்குக்கூட நூற்றுக்கணக்கான படிகள் இறங்கணும். அத்தனையும் திரும்ப ஏறணும். இறங்கும்போது அடி வாங்குறது முட்டி, ஏறும்போது இதயம்.

6) சுகர் உள்ளவங்க கூடுதலா கவனிங்க. ரொம்ப வருஷமா சுகர் இருந்தா பாதத்தில் உணர்வு குறைஞ்சிருக்கலாம், கால் வழுக்குறதே லேட்டாத்தான் தெரியும். மாரடைப்பு வந்தாலும் நெஞ்சுவலி இல்லாம வரலாம். மூச்சிரைப்பு, திடீர் வியர்வை, இனம்புரியாத சோர்வு மட்டுமே அறிகுறியா இருக்கலாம். "படி ஏறினதால வந்த களைப்பு"ன்னு ஒதுக்கிடாதீங்க. இன்சுலின் போடுறவங்க சாப்பிடாம நடக்கவே கூடாது. பையில் சர்க்கரையோ மிட்டாயோ கட்டாயம் இருக்கட்டும்.

7) வீட்டில் இரண்டு மாடி ஏறினாலே மூச்சு வாங்குதா? நெஞ்சு இறுக்குதா? அப்போ கீழே போறதை விடுங்க, முதல்ல டாக்டரைப் பாருங்க. விளிம்பிலிருந்தே அருவிகள் தெரியும்.

8) பிள்ளைகளுக்கு ஒரு வார்த்தை. "வாங்கப்பா, ஒண்ணும் ஆகாது"ன்னு இழுக்காதீங்க. நீங்க ஆசையா கூப்பிடும்போது "முடியலை"ன்னு சொல்ல அவங்களுக்கு மனசு வராது. அதனால நீங்களே முந்திக்கிட்டு "இங்கேயே உட்காருவோம்ப்பா"ன்னு சொல்லிடுங்க.