உருகும் பனிமனிதன்

குழந்தைகளுக்கென ஆக்கப்படும் படத்திலே துயரம் இடம்பெறுதல் தகுமா என்று பெற்றோர் பலர் ஐயுறுவர். அதிலும், பண்டிகை நாளில் வீட்டார் அனைவரும் கூடியிருந்து பார்க்கும் படமாயின், சிரிப்பும் பாட்டும் போதாவோ என்பது அவர்கள் எண்ணம். நத்தார்க் காலத்துச் சித்திரப் படங்களுள் நெடுங்காலம் நிலைத்து நிற்கும் இரண்டினை எடுத்து நோக்கின், அவ்வெண்ணம் அத்துணை பொருத்தமானதன்று எனத் தோன்றுகிறது.

முதலாவது, அமெரிக்காவிலே 1965ஆம் ஆண்டு டிசெம்பர் 9ஆந் திகதி தொலைக்காட்சியில் ஒளிபரப்பாகிய 'சாளி பிறவுணின் நத்தார்'. பத்திரிகைகளிலே சாள்ஸ் ஷுல்ஸ் வரைந்துவந்த சித்திரத் தொடரின் சிறுவர்களே இதிலும் வருகின்றனர். பண்டிகை நெருங்கிவிட்டது, தன் மனத்திலோ மகிழ்ச்சியில்லை என்று தோழனிடம் முறையிடும் சிறுவனோடு கதை தொடங்குகிறது. அக்காலத்து நிகழ்ச்சிகளிற் சேர்க்கப்பட்ட செயற்கைச் சிரிப்பொலி இதிற் கிடையாது. குரல் கொடுத்தோரும் மெய்யான சிறுவர்களே. வாசிக்கப் பழகாத சிறியோருக்கு வசனத்தைச் சிறிது சிறிதாகச் சொல்லிக்கொடுத்தே ஒலிப்பதிவு செய்தனர். வின்ஸ் குவரால்டியின் ஜாஸ் இசையையும், லூக்கா சுவிசேஷத்திலிருந்து ஒரு சிறுவன் ஒப்புவிக்கும் பகுதியையும் முன்கூட்டிக் கேட்ட ஒளிபரப்பு நிறுவன அதிகாரிகள், படம் மந்தமானது, எடுபடாது என்று முடிவுகட்டினர். ஒளிபரப்பிய இரவிலோ, அந்நேரம் இயங்கிய தொலைக்காட்சிப் பெட்டிகளுள் ஏறத்தாழப் பாதியில் இப்படமே ஓடியது! பின்னர் எமி விருதும் பீபொடி விருதும் அதற்குக் கிடைத்தன.

மற்றையது இங்கிலாந்தின் 'பனிமனிதன்'. றேமண்ட் பிறிக்ஸ் 1978இல் வெளியிட்ட, சொற்களே இல்லாத படப் புத்தகம் அதற்கு மூலம். 1982ஆம் ஆண்டு நத்தாருக்கு மறுநாள், தொடங்கி இரு மாதமும் நிறையாத 'சனல் 4' தொலைக்காட்சி அதனை ஒளிபரப்பியது. தான் செய்த பனிமனிதன் நள்ளிரவில் உயிர்பெற்றெழ, சிறுவன் அவனை வீட்டினுள் அழைத்து விளையாடுகிறான். பின்பு இருவரும் வானிலே பறக்கின்றனர். அப்போது ஒலிக்கும் ஒரு பாடலைத் தவிரக் கதைமாந்தர் வாயிலிருந்து ஒரு வார்த்தையும் வருவதில்லை. பென்சிலாலும் வண்ணக் கோல்களாலும் கையால் வரைந்த காட்சிகளாதலின், புத்தகத்தின் தாளே அசைவது போன்ற மென்மை அவற்றில் உண்டு.

நத்தார் தாத்தாவைக் காணச் செல்லும் பகுதி மூலநூலில் இல்லை, படத்துக்காகச் சேர்க்கப்பட்டது. பிறிக்ஸுக்கு அது அவ்வளவு உவப்பாயிருக்கவில்லை. தம் கதை நத்தாரைப் பற்றியதன்று, இறப்பைப் பற்றியது என்பதே அவர் கருத்து. அந்நூல் வெளியாவதற்குச் சில ஆண்டுகளின் முன்னரே அவர் தாய் தந்தையரையும் மனைவியையும் அடுத்தடுத்து இழந்திருந்தார். எனினும், படத்தை எடுத்தோர் இறுதிக் காட்சியை மாற்றத் துணியவில்லை. விடிந்ததும் சிறுவன் வெளியே ஓடிவருகிறான். தொப்பியும் கழுத்துத் துணியும் உருகிய பனிமேற் கிடக்கின்றன. அவன் முழந்தாளிடுகிறான், படம் முடிகிறது. தேற்றுவாரும் இல்லை, விளக்குவாரும் இல்லை.

பல்லாண்டு வகுப்பறையில் நின்றவன் என்ற முறையிற் சொல்லுகிறேன்: கதையிலே துயரம் வரும்போது பிள்ளைகள் எழுந்து ஓடுவதில்லை, முன்னிலும் நெருங்கி அமர்கின்றனர். அவ்விறுதிக் காட்சியைக் கண்டு கலங்கும் பிள்ளை, அடுத்த ஆண்டும் அதே படத்தைக் கேட்பதில் வியப்பில்லை. அவ்வேளையிற் பெற்றோர் அருகிலிருத்தல் வேண்டும். "அது வெறும் படந்தானே" என்று அவசரப்பட்டு அதன் வாயை அடைத்தலோ வேண்டா.

முப்பதாண்டு நிறைவையொட்டி 2012இல் 'பனிமனிதனும் பனிநாயும்' என்ற தொடர்ச்சிப் படம் வெளிவந்தது. அதிலும் பனிமனிதன் உருகுகிறான். ஆயினும் சிறுவனுக்கு ஆறுதலாக, பனிநாய் மெய்யான நாயாகிவிடுகிறது. அழகிய படமே. ஆனால், பிள்ளைகளோடு ஒன்றை மாத்திரம் பார்க்கலாம் என்றால், நான் பழையதையே தெரிவேன்.