வாய்ப்புக்கு ஏன் வயதெல்லை?

முப்பதைத் தாண்டிய விளையாட்டு வீரரை "இனி என்ன சாதிக்கப் போகிறார்" என்று ஒதுக்கிவிடுவது நம்மிடம் ஊறிப்போன வழக்கம். கோல்ப் வீரர் விஜய் சிங்கின் வாழ்க்கை அதற்கு நேர்மாறாகச் சாட்சி சொல்கிறது. 1963 இல் பிஜித் தீவில் பிறந்த இந்திய வம்சாவளியினர் அவர். புள்ளி அட்டையைத் திருத்தியதாக 1985 இல் எழுந்த குற்றச்சாட்டை மறுத்தும் ஆசியச் சுற்றுப் போட்டிகளிலிருந்து விலக்கப்பட்டார். பின்னர் போர்னியோவில் கோல்ப் பயிற்றுநராக வேலை பார்த்தார். அமெரிக்காவின் பிஜிஏ சுற்றில் சிறந்த புதுமுகம் என்ற விருது 1993 இல் கிடைத்தபோது அவருக்கு வயது முப்பது. அச்சுற்றில் வென்ற 34 பட்டங்களில் 22, நாற்பது வயதுக்குப் பிறகு வந்தவை. 2004 இல், 41 வயதில், டைகர் வூட்ஸைப் பின்தள்ளி உலகின் முதலிடத்தைப் பிடித்தார்.

இந்தியாவின் முக்கேஷ் குமாரின் கதை இன்னும் தெளிவானது. 2016 டிசம்பரில் டில்லியில் பானசோனிக் ஓப்பன் போட்டியை வென்றபோது அவருக்கு வயது 51. அதுவே அவரது முதல் ஆசியச் சுற்றுப் பட்டம். ஆனால் அதற்கு முன்பே உள்நாட்டில் நூற்றுக்கும் மேற்பட்ட பட்டங்களை அவர் வென்றிருந்தார். ஆகவே திறமை ஐம்பதுக்குப் பிறகு முளைக்கவில்லை, உலகின் கண்ணில் பட்டதுதான் அப்போது. தாமதமான வெற்றி என்று நாம் கொண்டாடுவதில் பெரும்பகுதி தாமதமான மேடைதான். இலங்கையின் தங்கராஜா, பிரபாகரன் போன்ற தொழின்முறை கோல்ப் வீரர்கள் இந்தியச் சுற்றை நம்பி ஆடுவதும் இதையே காட்டுகிறது. ஆட்டம் கையில் இருக்கிறது, அதை ஆடிக்காட்டும் களம் கடல் கடந்து இருக்கிறது.

கோல்ப் நிதானத்தின் ஆட்டம், ஓட்டமும் மோதலும் இல்லாததால் வயது அங்கே தடையில்லை, இதை உதைபந்தாட்டத்துக்குப் பொருத்த முடியாது என்று மறுப்பவர்கள் உண்டு. அதில் உண்மை இருக்கிறது. நாற்பது வயதில் ஒருவர் தேசிய அணியின் முன்கள வீரராவது மிக அரிது. ஆனால் பயிற்றுநர், நடுவர், அணி முகாமையாளர் ஆகிய பணிகளும் விளையாட்டின் பகுதிதான், அவற்றுக்கு அனுபவமே முதல். விஜய் சிங்கும் முக்கேஷும் விதிவிலக்குகள், தோற்றுப்போன ஆயிரம் பேரை யார் கணக்கெடுத்தார்கள் என்பது வலுவான அடுத்த கேள்வி. தனிமனித விடாமுயற்சியை மட்டும் பாடமாக எடுத்தால் இந்தக் கேள்விக்குப் பதில் இல்லை. விதிவிலக்கானவர்கள் மட்டுமே தப்பிப் பிழைக்கும் அமைப்பு குறையுள்ளது என்பதே எனது வாதமும்.

திருகோணமலை மாவட்டத்தின் இறக்கக்கண்டிக்கு இந்த வாதம் வெறும் ஏட்டுப் பேச்சல்ல. மாவட்டத்தில் கோல்ப் திடல் என்றால் சீனக்குடாவில் விமானப்படையினர் நடத்துவது நினைவுக்கு வரும். கடலையும் களப்பையும் நம்பி வாழும் இந்த ஊரில் அப்படியொரு திடல் வேண்டும் என்று யாரும் கேட்கவில்லை. ஆனால் போர்க்கால இடப்பெயர்வுகளும் 2004 ஆழிப்பேரலையும் இந்தக் கரையோரத்துப் பிள்ளைகள் பலரின் பயிற்சிப் பருவத்தை விழுங்கிவிட்டன. அவர்கள் இன்று முப்பதையும் நாற்பதையும் தாண்டியவர்கள். பாடசாலை வயதோடு பயிற்சியின் கதவை மூடினால், இழந்த காலத்துக்கு அவர்களையே இரண்டாவது முறை தண்டிப்பதாகும். இவ்வூர் அடங்கிய குச்சவெளிப் பிரதேசத்தில் வளர்ந்தோருக்கான போட்டிப் பிரிவுகளையும், வயதெல்லையற்ற பயிற்றுநர், நடுவர் பயிற்சி நெறிகளையும் விளையாட்டுத்துறை அதிகாரிகள் தொடங்க வேண்டும். அதற்குப் புதிய மைதானமோ பெரும் நிதியோ தேவையில்லை. விண்ணப்பப் படிவத்தில் பிறந்த ஆண்டைப் பார்ப்பவர்கள், பயிற்சி பெறும் வாய்ப்பு எத்தனை ஆண்டு கிடைத்தது என்றும் கேட்கட்டும்.