சிறைவிடுப்பு இரவலன்று, உரிமை!

சாவு நாள் குறித்து வருவதில்லை. திருமணத்திற்குக் குறித்த நாளோ எவர்க்காகவும் நிற்பதில்லை. ஆனால், தாயின் முகத்தை இறுதியாக ஒருமுறை காண வேண்டும் என்று சிறையாளன் எழுதித் தரும் வேண்டுகை மட்டும், சிறை அலுவலகம், காவல்துறை, நன்னடத்தை அலுவலர் என மேசைக்கு மேசை ஊர்ந்து செல்கின்றது. அது திரும்பி வருமுன் தாயின் உடல் சாம்பலாகி விடுவதும் உண்டு. காலங்கடந்து தரப்படும் விடுப்பு, மறுக்கப்பட்ட விடுப்பே!

விடுப்பு என்பது எவரோ இரங்கிப் போடும் பிச்சையன்று. தமிழ்நாட்டில் இதற்கென 1982-ஆம் ஆண்டிலேயே விதிகள் வகுக்கப்பட்டன. பெற்றோர், துணைவர், மக்கள், உடன்பிறந்தார் ஆகியோரின் சாவுக்கும் கடுநோய்க்கும், மக்கள், உடன்பிறந்தார் திருமணத்திற்கும் உடனடி விடுப்பு உண்டு. குடும்பத்தின் பிழைப்புக்கு வழிதேடவும், பிள்ளைகளைப் பள்ளியிற் சேர்க்கவும், வீட்டைச் செப்பனிடவும், விதைக்கவும் அறுக்கவும் இயல்பு விடுப்பு உண்டு. சிறையாளனும் ஒரு குடும்பத்தின் உறுப்பே என்று சட்டமே ஒப்புக்கொண்டதன் சான்று இது. சட்டத்தில் இருப்பது நடைமுறையில் இல்லையெனின், குறை சட்டத்தினுடையதன்று; அதனைக் கையாள்வோருடையது.

பேரறிவாளன் 1991-இல் தளையிடப்பட்டபோது அவருக்கு அகவை பத்தொன்பது. நோயுற்ற தந்தையாரைக் காண முதன்முதலாக அவர் விடுப்பில் வெளிவந்தது 2017 ஆகத்துத் திங்களில். இடையே இருபத்தாறு ஆண்டுகள்! அதுவும் தாயார் அற்புதம்மாள் வாயில்தோறும் நின்று வேண்டிய பின்னர்! நளினிக்கோ 2016-இல் தந்தையார் மறைந்தபோது கிடைத்தவை சில மணி நேரங்களே. சிறையிலிருக்கையில் தாம் ஈன்ற மகளின் திருமண ஏற்பாட்டுக்கென 2019-இல் சென்னை உயர்நயன்மன்றத்தில் தாமே நேர்நின்று வாதிட்டு ஆறு திங்கள் கேட்டார். ஒரு திங்கள் கிடைத்தது. பின்னர் மூன்று கிழமைகள் நீட்டிக்கப்பட்டது. செய்தியாளரிடம் பேசலாகாது, அரசியலாரைச் சந்திக்கலாகாது என்னும் கட்டுப்பாடுகளையும் ஏற்றார். இருவரும் ஓடிவிடவில்லை, விடுப்பு முடிந்ததும் சிறைக்கு மீண்டனர். வெளியே விட்டால் திரும்பார் என்னும் அச்சத்திற்கு இவர்தம் நடத்தையே விடை.

கொலையுண்டவர்க்கு ஏது விடுப்பு, அவர்தம் குடும்பத்தார் எவரைப் போய்க் காண்பது என்று கேட்பாரும் உளர். அக்கேள்வியின் பின்னுள்ள துயர் உண்மையானது. அதனை எள்ளுதல் அறமாகாது. 1991-இல் திருப்பெரும்பூதூரில் உறவை இழந்தோர் கண்ணீரும் கண்ணீரே. ஆயினும், குற்றத்திற்குரிய ஒறுப்பை நயன்மன்றம் முன்னரே அளந்து தந்துவிட்டது. நோயில் விழுந்த தந்தையும், மணக்கோலத்தில் நிற்கும் மகளும் எக்குற்றத்திற்காக ஒறுக்கப்படுகின்றனர்? மகனுக்குச் சிறை என்றுதான் தீர்ப்பு எழுதப்பட்டது. தாய்க்கும் சேர்த்து எழுதப்படவில்லை.

செங்கோன்மை பாடிய வள்ளுவரே வெருவந்த செய்யாமையையும் வைத்தார். ஒறுக்க ஓங்கும் கை கடுமை காட்டலாம். அது விழுங்கால் மென்மையுடன் விழ வேண்டும் என்பது அவர் நெறி. அந்நெறியைப் பெற்ற இனத்தின் மண்ணில், பெற்றவள் பிணத்தைக் காணவும் மன்றமேற வேண்டிய நிலை இழிவன்றோ? நன்னடத்தையுடைய சிறையாளர் சில நாளேனும் வெளிக்காற்றை உயிர்க்க வேண்டும், குடும்ப உறவைப் பேண வேண்டும் என்னும் கருத்தை 2017-இல் உச்சநயன்மன்றமும் வலியுறுத்தியது.

செய்ய வேண்டுவன அரியன அல்ல. சாவுச் செய்தி வந்த அன்றே முடிவெடுக்கும் பொறுப்பு சிறைக் கண்காணிப்பாளரைச் சார வேண்டும். பிற வேண்டுகைகளுக்கு நாள் வரம்பு வேண்டும். மறுப்பதாயின் கரணியத்தை எழுத்தில் தர வேண்டும். பெயர் தெரிந்த சிறையாளர்க்கு மன்றமேறத் துணைநிற்போர் உண்டு. ஊர் பேர் அறியாத ஏழைச் சிறையாளனுக்கு யார் உளர்? இவ்வொழுங்கு அவனுக்கே முதலில் வேண்டும்.

காலத்தாழ்வின் கொடுமைக்குச் சாந்தன் ஒருவரே போதிய சான்று. 2022 நவம்பரில் உச்சநயன்மன்றம் விடுவித்த பின்னும் அவர் தாயகம் செல்ல இயலவில்லை; திருச்சிராப்பள்ளிச் சிறப்பு முகாமில் அடைக்கப்பட்டார். முப்பது ஆண்டுகளுக்கு மேலாகக் காணாத தாயைக் காண வேண்டும் என்பதே அவர் வேட்கை. பயண இசைவு வந்தபோது நோய் முற்றிவிட்டது. 2024 பிப்பிரவரி 28 அன்று சென்னை மருத்துவமனையில் உயிர் பிரிந்தது. யாழ்ப்பாணத்தில் வழிமேல் விழிவைத்திருந்த தாயிடம் சென்று சேர்ந்தது அவர் உடலே.

அத்தாய்க்கு எந்த அரசு விடை கூறும்?