ஜாமீன் கிடைத்தும் சிறைக் கதவு திறக்காது!
காபிபோசா கைதிக்குச் சட்டம் தரும் பாதுகாப்பு என்ன?

2025-ம் ஆண்டு மார்ச் மாதத்தில், துபாயிலிருந்து பெங்களூர் வந்து இறங்கிய ஒரு சினிமா நடிகையிடம் 14 கிலோவுக்கு மேல் தங்கம் பிடிபட்டதாகச் செய்தி வந்ததை வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். குற்றப் பத்திரிகை கெடுவுக்குள் தாக்கலாகாததால், மே மாதத்தில் கோர்ட் அவருக்கு ஜாமீன் வழங்கியது. ஆனால் அவர் வெளியே வரவில்லை, வர முடியவில்லை. முந்திய மாதமே அவர் மீது 'காபிபோசா' சட்டப்படி வேறொரு உத்தரவு பிறந்திருந்தது.

"கோர்ட்டே விட்டுவிடு என்று சொன்ன பிறகு, சர்க்கார் எப்படிப் பிடித்து வைக்கலாம்?" என்று கேட்கத் தோன்றும். நியாயமான கேள்விதான். ஆனால் இரண்டும் வெவ்வேறு வழி. சுங்கச் சட்ட வழக்கு, நடந்து முடிந்த குற்றத்துக்கானது. அதில் சாட்சி வேண்டும், விசாரணை வேண்டும், குற்றம் ருசுவாக வேண்டும். தடுப்புக் காவல், இனி நடக்கக் கூடியதைத் தடுப்பதற்காம்! அதற்குச் சாட்சிக் கூண்டு இல்லை, தீர்ப்பும் இல்லை. அதிகாரியின் மனத்துக்குத் திருப்தி ஏற்பட்டால் போதும். ஓர் ஆண்டு வரை உள்ளே இருக்கலாம்.

சுதந்திர நாட்டில் இப்படி ஓர் ஏற்பாடா என்று பிற நாட்டார் வியப்பதுண்டு. இதில் விசித்திரம் என்னவென்றால், இதற்கு இடம் கொடுத்திருப்பது நம் அரசியல் சட்டத்தின் அடிப்படை உரிமைகள் பகுதியே. அங்கேயுள்ள 22-வது ஷரத்து ஒரு கையால் தடுப்புக் காவலை அனுமதிக்கிறது. மறு கையால் அதற்குக் கடிவாளமும் போடுகிறது.

சென்னையில் தொடங்கிய வழக்கு

இந்தக் கடிவாளம் எவ்வளவு வலுவானது என்பதை முதன் முதலில் சோதித்துப் பார்த்தது நம் சென்னை ராஜ்யத்து வழக்குதான். கம்யூனிஸ்டுத் தலைவர் ஏ. கே. கோபாலன் சென்னை ராஜ்யச் சிறையிலிருந்தபடியே 1950-ல் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். அவருக்கு விடுதலை கிடைக்கவில்லை. ஆனால் காவலுக்கான காரணங்களைக் கோர்ட்டில் கூடச் சொல்லக் கூடாது என்றிருந்த ஒரு பிரிவு செல்லாது என்று தீர்ப்பாயிற்று. காரணத்தையே மூடி வைத்தால் கோர்ட் எதை வைத்து ஆராய்வது?

கடத்தல்காரர்கள் மீது இந்த ஆயுதம் திரும்பியது 1974-ல். தங்கமும் கடிகாரமும் செயற்கை நூல் துணியும் கடல் வழியே வந்து குவிந்த காலம் அது. முதலில் 'மிசா' சட்டத்தை ஓர் அவசரச் சட்டத்தால் நீட்டிப் பார்த்தார்கள். பிறகு தனிச் சட்டமே செய்து, 1974 டிசம்பர் 19 முதல் அமலாக்கினார்கள். அதுதான் காபிபோசா. நெருக்கடி நிலைக்குப் பின் வந்த ஜனதா ஆட்சிக் காலத்தில் மிசா போய்விட்டது. காபிபோசா மட்டும் இன்றைக்கும் உயிரோடு இருக்கிறது. கடத்தல் உயிரோடு இருப்பதால் என்று சர்க்கார் சொல்லும். அதையும் தள்ளிவிடுவதற்கில்லை.

ஐந்து நாள் கெடு

உத்தரவு போடும் அதிகாரம் எல்லோருக்கும் இல்லை. மத்திய சர்க்காரில் ஜாயிண்ட் செக்ரட்டரிக்கும், ராஜ்ய சர்க்காரில் செக்ரட்டரிக்கும் குறையாத பதவியில் உள்ள, இதற்கென்றே அதிகாரம் பெற்ற ஒருவர்தான் போட வேண்டும். சர்க்காரே நேராகவும் போடலாம். பிடித்த ஐந்து நாளைக்குள் காரணங்களைக் கைதியிடம் கொடுத்தாக வேண்டும். விசேஷ சந்தர்ப்பமானால், ஏன் தாமதம் என்று எழுதி வைத்துவிட்டு, 15 நாள் வரை எடுத்துக் கொள்ளலாம்.

'கொடுத்தால் போதுமா?' என்ற கேள்வியில்தான் கோர்ட்டுகள் கைதிக்குப் பெரிய துணையாக வந்தன. ஒரு வழக்கில் கைதிக்குத் தெரிந்த பாஷை குஜராத்தி. காரணங்களோ இங்கிலீஷில்! ஓர் இன்ஸ்பெக்டர் உட்கார்ந்து வாயால் விளக்கிச் சொன்னாராம். அது போதாது, அவனுக்குப் புரியும் பாஷையில் எழுத்திலேயே கொடுக்க வேண்டும் என்று சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. தமிழ் மட்டும் தெரிந்த குருவிக்கும் இதே சட்டம்தான்.

1980-ல் ஒரு தாயார் தம் மகனுக்காகத் தொடுத்த வழக்கு இன்னும் ஒரு படி மேலே போயிற்று. உத்தரவுக்கு ஆதாரமாகக் கொண்ட தஸ்தாவேஜுகளின் நகல்களும், பேச்சைப் பதிவு செய்த டேப்பும் மகனுக்கு உரிய காலத்தில் தரப்படவில்லை. அவை இல்லாமல் அவன் என்ன பதில் எழுதுவான்? விடுதலை என்று தீர்ப்பு. காவல் சட்டப்படி சரியானது என்று காட்டும் பொறுப்பு சர்க்காருடையதே; கைதி சிறையிலிருந்து ஒரு தபால் கார்டு எழுதிப் போட்டாலும் கோர்ட் எடுத்துப் பார்க்கும் என்ற விளக்கமும் அதிலே உண்டு.

பதில் மனு எழுதும் உரிமைதான் இதற்கெல்லாம் உயிர்நாடி. 1995-ல் ஐந்து நீதிபதிகள் கொண்ட பெஞ்சு, உத்தரவு போட்ட அதிகாரியும் அந்த மனுவைத் தாமே பார்த்தாக வேண்டும் என்று விதித்தது. அந்த உரிமையைக் கைதிக்குச் சொல்லாமல் விட்டால், அதுவே உத்தரவுக்கு எமன்.

வக்கீல் இல்லாத விசாரணை

காவலில் வைத்த ஐந்து வாரத்துக்குள் விஷயம் ஆலோசனைக் குழுவுக்குப் போக வேண்டும். ஹைகோர்ட் நீதிபதிகளாக இருப்பவர்கள், இருந்தவர்கள் அல்லது அதற்குத் தகுதியுள்ளவர்கள் மூவர் அதில் இருப்பர். 11 வாரத்துக்குள் அறிக்கை வந்தாக வேண்டும். 'போதிய காரணம் இல்லை' என்று அவர்கள் சொல்லிவிட்டால் சர்க்காருக்கு வேறு வழி கிடையாது. விட்டே தீர வேண்டும்.

ஆனால் அந்தக் குழுவின் முன் வக்கீல் வைத்துக் கொள்ளும் உரிமை கைதிக்கு இல்லை. பள்ளிக்கூடத்தில் கால் வைக்காத ஆசாமியும் தனியே நின்று தன் கட்சியைச் சொல்ல வேண்டும். 1981-ல் சுப்ரீம் கோர்ட் சற்றே இளகியது. வக்கீல் அல்லாத நண்பர் ஒருவர் உதவலாம். சர்க்கார் தரப்பில் வக்கீலோ இலாகா அதிகாரியோ வந்து வாதாடினால் கைதிக்கும் வக்கீல் உண்டு என்றது. இது அரை வயிற்றுச் சோறுதான்.

ஓர் ஆண்டு முடிந்தால் எல்லாம் தீர்ந்தது என்றும் எண்ண வேண்டாம். 1976-ல் வந்த இன்னொரு சட்டப்படி, காபிபோசா கைதியின் சொத்து மட்டுமல்ல, உறவினர் பேரில் உள்ள சொத்தும் கேள்விக்குள்ளாகும். சட்ட விரோதமாகச் சம்பாதித்ததல்ல என்று காட்டும் பாரம் அவர்கள் தலையில். காவல் உத்தரவை கோர்ட் ரத்து செய்தால்தான் அந்தக் கத்தியும் விலகும். வெளியே வந்த பிறகும் சிலர் ஏன் வழக்கை விடாமல் நடத்துகிறார்கள் என்பதன் ரகசியம் இதுதான்.

இத்தனை பாதுகாப்பும் நிஜக் கடத்தல்காரன் தப்பிக்கத்தானே பயன்படுகிறது என்று சிலர் கசந்து கொள்கிறார்கள். உண்மைதான், தப்பியவர்கள் உண்டு. ஆனால் தப்பவிட்டது யார்? நகலை ஒழுங்காகக் கொடுக்காத குமாஸ்தாவும், பைலை மாதக் கணக்கில் மேஜையில் போட்டு வைத்த அதிகாரியுமே. பிடிபட்டதற்கும் உத்தரவுக்கும் நடுவே காரணமில்லாமல் மாதங்கள் ஓடினால், 'இப்போதே தடுக்க வேண்டிய அவசரம்' எங்கே போயிற்று என்று கோர்ட் கேட்காதா?

2025 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட் தீர்த்த ஒரு தங்கக் கடத்தல் வழக்கும் இதே ரகம். கைதிக்கு ஏற்கெனவே நிபந்தனைகளோடு ஜாமீன் கிடைத்திருந்தது. அந்த நிபந்தனைகளே கடத்தலைத் தடுக்கப் போதாதா என்று அதிகாரி யோசித்ததாகவே உத்தரவில் காணோம். உத்தரவு ரத்தாயிற்று.

அதற்கு முந்திய ஆண்டு, 2024 செப்டம்பரில், கேரளத்திலிருந்து ஒரு வழக்கு வந்தது. கைதி சிறையில் உட்கார்ந்து மனு எழுதிக் கொடுத்தார். சிறை அதிகாரிகள் அதைச் சாதாரணத் தபாலில் போட்டார்கள். அது போய்ச் சேரவேயில்லை! இ-மெயில் நொடியில் பறக்கும் இந்தக் காலத்தில், அந்த மனுவுக்குப் பதில் கிடைக்க ஏறக்குறைய ஒன்பது மாதம் ஆயிற்று. ஹைகோர்ட்டில் தோற்ற அந்த வழக்கு சுப்ரீம் கோர்ட்டில் ஜெயித்தது. ஆனால் அதற்குள் ஓராண்டுக் காவலும் ஏறத்தாழ முடிந்து போயிருந்தது.